இரண்டு தெனாரியம்

நீலகிரி எக்ஸ்பிரஸ் இரவு ஒன்பது மணியை ஒட்டிச் சென்னை சென்ட்ரலை விட்டுப் புறப்படுகிறது. பெரம்பூர், வில்லிவாக்கம், கொரட்டூர் எனத் தாண்டி, அம்பத்தூரில் நில்லாமல் ஆவடியை நோக்கி அது விரையும் நேரமும், இருப்புப்பாதையை அடுத்து வாழும் எங்களைப் போன்ற குடும்பங்கள் செபமாலை சொல்லும் நேரமும் பெரும்பாலும் ஒன்றே. வண்டி கடந்து செல்லும்வரை ஒரு மங்கள வார்த்தை செபம் யார் காதிலும் விழாது. இந்தப் பாதை மிகப் பழையது. 1856 ஜூலை 1 அன்று தென்னிந்தியாவின் முதல் பயணிகள் இரயில் இராயபுரத்திலிருந்து வாலாஜா ரோடு வரை ஓடியபோது, அது இன்றைய அம்பத்தூர், ஆவடிப் பகுதிகளின் வயல்களையும் ஏரிக்கரைகளையும் ஊடறுத்துத்தான் சென்றது.

1968-இல் இந்த வண்டியின் பெயரிலேயே ஒரு திரைப்படம் வந்தது. 'நீலகிரி எக்ஸ்பிரஸ்' படத்தைத் திருமலை – மகாலிங்கம் இயக்கினர்; சோ எழுதினார்; துப்பறியும் அதிகாரியாக ஜெய்சங்கர் நடித்தார். முந்திய ஆண்டு மலையாளத்தில் வெளிவந்த 'கொச்சின் எக்ஸ்பிரஸ்' படத்தின் தமிழ் வடிவம் அது. இரயிலில் ஒரு கொலை. செய்தவன் யார் என்ற தேடல். எங்கள் வீட்டுப் பெரியவர்கள் அதைப் பார்த்துவிட்டு வந்து, தங்கள் வாசலைக் கடந்து செல்லும் வண்டிக்குள் இத்தனை மர்மமா என்று வியந்து பேசியதுண்டு. ஜெய்சங்கரின் நடையை இன்றும் அவர்களால் சொல்ல முடியும். கொலையுண்டவர் யார், அவர் எங்கே போய்க்கொண்டிருந்தார் என்று கேட்டால் அவர்களுள் ஒருவருக்கும் நினைவில்லை.

இந்த மறதியைப் பற்றித்தான் எழுத விரும்புகிறோம்.

இரயிலும் சினிமாவும் தொடக்கம் முதலே கூடிப் பிறந்தவை போல் இருந்து வந்திருக்கின்றன. தமிழ்நாட்டில் இந்த உறவு இன்னும் நெருக்கமானது. ஊர் ஊராகச் சினிமாவைக் கொண்டுசென்று காட்டிய முன்னோடியான சாமிக்கண்ணு வின்சென்ட், திருச்சியில் தென்னிந்திய இரயில்வேயில் வரைவாளராகப் பணியாற்றிய கிறிஸ்தவர். 1905-இல் டூபாண்ட் என்ற பிரெஞ்சுக்காரரிடமிருந்து படம் காட்டும் கருவியையும் சில சுருள்களையும் வாங்கி, இரயில்வே வேலையை விட்டுவிட்டுப் புறப்பட்டார். அச்சுருள்களுள் ஒன்று இயேசுவின் வாழ்க்கையைக் காட்டியது. பின்னர் 1914-இல் கோயம்புத்தூரில் வெரைட்டி ஹால் என்ற நிரந்தரத் திரையரங்கையும் கட்டினார். கூடாரத்தின் வெள்ளைத் துணியில் நம் முன்னோர் முதன்முதலாகக் கண்ட அசையும் உருவங்களுள் இயேசுவின் உருவமும் ஒன்று என்பது நமக்கு இனிப்பான செய்தியல்லவா?

வின்சென்ட் கருவி வாங்குவதற்கு இரண்டு ஆண்டுகளுக்கு முன்பே, 1903-இல், அமெரிக்காவில் எடிசன் நிறுவனத்துக்காக எட்வின் போர்ட்டர் என்பவர் 'மாபெரும் இரயில் கொள்ளை' என்ற படத்தை எடுத்துவிட்டார். ஏறத்தாழ பன்னிரண்டு நிமிடங்களே ஓடும் ஊமைப் படம். இன்றுவரை உலகெங்கும் வரும் இரயில் கொள்ளைப் படங்களுக்கெல்லாம் அதுவே பாட்டனார். கொள்ளையர் இரயில் நிலையத்தில் நுழைந்து தந்தி ஊழியரைக் கட்டிப் போடுகிறார்கள். தண்ணீர் பிடிக்க நிற்கும் வண்டியில் ஒளிந்து ஏறுகிறார்கள். பொருள்காப்புப் பெட்டியின் ஊழியர், ஓசை கேட்டதும் பணப்பெட்டியைப் பூட்டிச் சாவியை வெளியே எறிந்துவிட்டுத் துப்பாக்கியோடு எதிர்த்து நின்று சாகிறார். பெட்டி வெடி வைத்துத் தகர்க்கப்படுகிறது. என்ஜினில் மற்றோர் ஊழியரை நிலக்கரித் துண்டால் அடித்து ஓடும் வண்டியிலிருந்து எறிகிறார்கள். பயணிகள் கைகளைத் தூக்கியபடி வரிசையாக நிற்க, தப்பியோட முயன்ற ஒருவர் முதுகில் சுடப்பட்டு விழுகிறார். கடைசியில் கொள்ளையர் அனைவரும் கொல்லப்படுகிறார்கள். பிறகு கதைக்குத் தொடர்பில்லாமல், கொள்ளையர் தலைவன் பார்வையாளர்களை நேரே நோக்கிச் சுடும் ஒரு காட்சியும் உண்டு. அந்தக் காலத்து மக்கள் அதைக் கண்டு அலறி மகிழ்ந்தார்களாம்.

பூவிருந்தவல்லி திரு இருதயக் குருத்துவக் கல்லூரியிலிருந்து ஞாயிறுதோறும் எங்கள் பங்குக்கு வரும் குருமாணவர் ஒருவர், கடந்த தவக்காலத்தில் இளைஞர்களுக்கு இந்தப் படத்தைப் போட்டுக் காட்டினார். சினிமாவுக்கும் தவக்காலத்துக்கும் என்ன சம்பந்தம் என்று பெரியவர்கள் சிலர் முணுமுணுத்தனர். தந்தி ஊழியர் கட்டுண்டு தரையில் கிடக்கும் இடத்தில் குருமாணவர் படத்தை நிறுத்தி, "இவர் இனி இந்தக் கதையில் வருவாரா?" என்று கேட்டார். வரமாட்டார் என்றே ஏறக்குறைய எல்லாரும் சொன்னார்கள். அவர்கள் பார்த்து வளர்ந்த படங்கள் அவர்களுக்கு அப்படித்தான் கற்றுக்கொடுத்திருந்தன. படம் மீண்டும் ஓடியது. கொள்ளை முடிந்து, கொள்ளையர் குதிரையேறிப் போன பிறகு, காட்சி அந்த நிலையத்துக்குத் திரும்பி வருகிறது. ஒரு சிறுமி அப்பாவுக்குச் சாப்பாட்டுத் தூக்கோடு வந்து நிற்கிறாள். கட்டை அறுக்கிறாள், ஒரு குவளைத் தண்ணீரை அவர் முகத்தில் ஊற்றி எழுப்புகிறாள். இளைஞர்கள் சிரித்தார்கள், சிலர் கைதட்டினார்கள். 1903-ஆம் ஆண்டுப் படக்காரருக்கு அடிபட்டுக் கிடந்த மனிதரின் நினைவு இருந்திருக்கிறது. அவருக்குப் பின்வந்த பலருக்கு அது இல்லாமற் போயிற்று.

தமிழருக்குக் கள்வர்மீது ஒரு தனிப் பாசம் உண்டு என்பதை ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும். நாமக்கல் கவிஞரின் கதையைத் தழுவி 1954-இல் வந்த 'மலைக்கள்ளன்' ஓடிய ஓட்டத்தை மூத்த வாசகர்கள் அறிவார்கள். பணக்காரரிடம் பறித்து ஏழைக்குக் கொடுக்கும் கள்வன் நம் நெஞ்சில் எப்போதும் இடம்பிடித்தவன். அதில் தவறு காண நாம் வரவில்லை. ஏழைக்கு நீதி கிடைக்காத நாட்டில் அவன் கனவாகவாவது வந்துபோகட்டும். ஆனால் என்ஜின் ஓட்டுபவரைக் கதைத்தலைவராக்கிய படங்கள் எத்தனை? 1964-இல் 'பச்சை விளக்கு' படத்தில் சிவாஜி கணேசன் ஓட்டுநராக வந்தார். அதற்கு அடுத்தபடியாகச் சொல்லப் போனால் நாம் சற்று யோசிக்க வேண்டியிருக்கிறது. பெரம்பூரில் 1955-இல் தொடங்கிய பெட்டித் தொழிற்சாலையும், அதற்கு முந்திய பணிமனைகளும், அண்ணனூர்ப் பணிமனையும் சூழ்ந்த நம் பகுதியில் இரயில்வேக் குடும்பம் இல்லாத பங்கு அரிது. ஆயினும் நம் பிள்ளைகளுக்குத் தெரிந்த திரைப்பட இரயில் ஒன்றில் ஓட்டுநரின் முகம் தெரிந்ததாக நினைவில்லை. சக்கரம் தெரியும், புகை தெரியும், கூரைமேல் சண்டையிடுபவர் தெரிவார்.

இதற்கு ஒரு துயரமான நிஜ உதாரணம் இங்கிலாந்தில் உண்டு. 1963 ஆகஸ்ட் 8 அதிகாலையில், கிளாஸ்கோவிலிருந்து இலண்டனுக்குச் சென்ற அஞ்சல் இரயிலைப் பக்கிங்ஹாம்ஷயரில் ஒரு கூட்டம் நிறுத்தியது. பச்சைச் சமிக்ஞை விளக்கைக் கையுறையால் மூடி, சிவப்பு விளக்கை மின்கலங்களால் எரியவைத்தார்கள். அவ்வளவுதான் தந்திரம். கொள்ளை போனது 26 இலட்சம் பவுண்டுக்குச் சற்றே குறைவு. அக்காலத்தில் மலைக்கவைக்கும் தொகை. பெரும்பகுதி பிற்பாடு மீட்கப்படவேயில்லை. இந்த விவரங்களை உலகமே அறியும். திட்டம் எவ்வளவு நுட்பமானது, ஒளிந்திருந்த பண்ணைவீட்டில் அவர்கள் எவ்வாறு கைரேகையை விட்டுச் சென்றார்கள், உண்மையான நோட்டுகளை வைத்துப் பலகை விளையாட்டு ஆடினார்கள் என்றெல்லாம் நூல்கள் வந்திருக்கின்றன. 1967-இல் பீட்டர் யேட்ஸ் இந்நிகழ்ச்சியைத் தழுவி எடுத்த 'கொள்ளை' என்ற படத்தில் வரும் கார் துரத்தல் காட்சி அவருக்கு ஹாலிவுட்டின் கதவையே திறந்துவிட்டது.

அந்த என்ஜினில் இருந்த ஓட்டுநரின் பெயர் ஜாக் மில்ஸ். வயது ஐம்பத்தெட்டை நெருங்கியவர். உடன் இருந்த துணை ஓட்டுநர் டேவிட் விட்பி, இருபதுகளில் இருந்த இளைஞர். சிவப்பு விளக்கைக் கண்டதும் ஒழுங்காக வண்டியை நிறுத்தினார் மில்ஸ். விதிப்படி கட்டுப்பாட்டு அறைக்குத் தொலைபேசியில் பேச விட்பி இறங்கிப் போனார்; கம்பிகள் அறுக்கப்பட்டிருந்தன. திரும்பும் வழியில் அவரைப் பிடித்துக் கரைமேட்டின் சரிவில் தள்ளினார்கள். என்ஜினுக்குள் ஏறியவர்களை மில்ஸ் எதிர்த்தார். இரும்புத் தடியால் தலையில் அடி விழுந்தது.

இதன் பின் நடந்ததுதான் எங்களை மிகவும் நெகிழவைக்கும் பகுதி. கொள்ளையர் வண்டியை இன்னும் சிறிது தூரம் தள்ளி, பாலம் ஒன்றின்மேல் கொண்டுபோய் நிறுத்த வேண்டியிருந்தது. அதற்காகவே ஓய்வுபெற்ற ஓட்டுநர் ஒருவரைக் கூட்டி வந்திருந்தார்கள். அவருக்கு அந்த வகை டீசல் என்ஜின் பழக்கமில்லை, வண்டி நகரவில்லை. அத்தனை நுட்பமான திட்டத்தில் ஒரே ஓட்டை: என்ஜினை இயக்கத் தெரிந்தவர் அவ்விடத்தில் ஒருவர்தான் இருந்தார், அவரை அவர்களே அடித்து வீழ்த்தியிருந்தார்கள். ஆகவே இரத்தம் வழியும் தலையோடு மில்ஸையே எழுப்பி உட்கார வைத்து ஓட்டச் செய்தார்கள். எங்கள் பங்கில் ஓய்வுபெற்ற சரக்கு வண்டிக் கார்டு ஒருவர் இருக்கிறார். (2022 முதல் கார்டுகளுக்கு 'டிரெயின் மேனேஜர்' என்று பெயர். அவர் அதை ஏற்பதில்லை; தாம் கார்டாகச் சேர்ந்து கார்டாகவே ஓய்வுபெற்றதாகச் சொல்வார்.) இந்த விவரத்தைச் சொன்னபோது அவர் நெடுநேரம் பேசவில்லை. பிறகு, "கை நடுங்கியிருக்குமே, பிரேக்கை எப்படிப் பிடிச்சாரோ" என்றார். கொள்ளைத் தொகையைக் கேட்காத ஒரே ஆள் அவர்தான்.

மில்ஸ் பழைய நிலைக்குத் திரும்பவில்லை. ஓய்வுபெற்று, 1970-இல் இரத்தப் புற்றுநோயால் இறந்தார். விட்பி 1972-இல் மாரடைப்பால் மறைந்தார்; வயது முப்பத்து நான்கு. மாற்று ஓட்டுநரைக் கூட்டி வரும் பொறுப்பை ஏற்றிருந்த கொள்ளையரான ரோனி பிக்ஸ், 1965-இல் சிறையிலிருந்து தப்பி, ஆஸ்திரேலியா சென்று, பிரேசிலில் நெடுங்காலம் வாழ்ந்தார். அவரைப் பேட்டி கண்டார்கள். அவரோடு படம் எடுத்துக்கொண்டார்கள். இசைக்குழு ஒன்று அவரைப் பாடவும் வைத்தது. 2001-இல் தாமே நாடு திரும்பிச் சிறை புகுந்தார். 2013-இல் இறந்தபோது உலக நாளிதழ்கள் யாவும் அதை எழுதின. மில்ஸுக்கு நேர்ந்ததைக் கேள்வியுற்ற பொதுமக்கள் தங்களால் இயன்றதைத் திரட்டிக் கொடுத்தார்கள் என்பது ஓர் ஆறுதல். அதைப் படம் எடுக்க யாரும் வரவில்லை.

வெளிநாட்டுக் கதை இருக்கட்டும். சரியாக ஐம்பத்து மூன்று ஆண்டுகள் கழித்து, அதே ஆகஸ்ட் 8-ஆம் நாள் இரவில், 2016-இல், நம் மாநிலத்திலேயே ஓர் இரயில் கொள்ளை நடந்தது. சேலத்திலிருந்து சென்னை எழும்பூருக்கு வந்த விரைவு வண்டியில், வங்கிகளில் சேர்ந்த பழைய கிழிந்த நோட்டுகள் ஏறத்தாழ 342 கோடி ரூபாய், 200-க்கும் மேற்பட்ட மரப்பெட்டிகளில் ரிசர்வ் வங்கிக்குக் கொண்டுவரப்பட்டன. அடுத்த பெட்டியில் போலீஸ் காவல் இருந்தது. மறுநாள் எழும்பூரில் கதவைத் திறந்தபோது மேற்கூரையில் ஓர் ஆள் இறங்கும் அளவுக்கு ஓட்டை. உள்ளே சூரிய வெளிச்சம். 5 கோடியே 78 இலட்சம் ரூபாய் போயிருந்தது. சேலம் – விருத்தாசலம் பகுதியில் அன்று மின்கம்பிகள் இல்லை. டீசல் என்ஜின்தான் வண்டியை இழுத்தது. ஆகவே கூரைமேல் ஏறுவது உயிருக்கு ஆபத்தின்றி முடிந்தது. இரண்டு ஆண்டுகளுக்குப் பின், 2018-இல், மத்தியப் பிரதேசத்தைச் சேர்ந்த ஒரு கூட்டத்தாரை சி.பி.சி.ஐ.டி. கைது செய்தது.

இதில் யாரும் அடிபடவில்லை. கடவுளுக்கு நன்றி. 'சினிமாவை மிஞ்சிய கொள்ளை' என்று அப்போது எல்லாரும் பேசினார்கள். தேநீர்க் கடைகளில் அந்த ஓட்டையின் நீள அகலம்கூடப் பேசப்பட்டது. பேச்சில் ஒருவகை மெச்சுதல் இருந்தது. பணப்பெட்டிகளோடு தொடர்புகொண்டிருந்த பலரும் விசாரிக்கப்பட்டார்கள். பெட்டி சுமந்தவரும் காவல் இருந்தவரும் உறங்கியிருக்க மாட்டார்கள் என்று எண்ணிப் பார்க்கிறோம். தம் வேலையை ஒழுங்காகச் செய்தவர் மீதும் சந்தேகத்தின் நிழல் சில மாதமாவது விழுந்திருக்கும். அதைப் பற்றித் தேநீர்க் கடையில் யாரும் பேசியதாகத் தெரியவில்லை.

இந்த வழக்கில் ஒரு விசித்திரமும் உண்டு. கொள்ளை நடந்து சரியாக மூன்று மாதத்தில், நவம்பர் 8 அன்று, 500, 1000 ரூபாய் நோட்டுகள் செல்லாது என்று அறிவிக்கப்பட்டது. களவாடிய பணத்தில் பெரும்பகுதியைச் செலவழிக்க இயலாமற் போனதாகப் பிடிபட்டவர்கள் கூறினார்கள் என்று நாளிதழ்கள் எழுதின. புனித அகுஸ்தினார் தம் 'ஒப்புதல்கள்' நூலின் இரண்டாம் பாகத்தில், பதினாறு வயதில் தோழரோடு சேர்ந்து அண்டை வீட்டு மரத்தில் பேரிக்காய் திருடியதைச் சொல்கிறார். பசியால் திருடவில்லை, அதைவிட நல்ல காய் அவரிடமே இருந்தது. பறித்ததில் பெரும்பகுதியைப் பன்றிகளுக்கு எறிந்தார்கள். தனியாக இருந்தால் அதைச் செய்திருக்கவே மாட்டேன் என்றும், கூட்டமே தம்மை இழுத்தது என்றும் எழுதுகிறார். ஆயிரத்து அறுநூறு ஆண்டுகளுக்கு முன் ஒரு பேரிக்காய்த் திருட்டைப் பற்றி எழுதியவருக்கு நம் கொள்ளைப் படங்களின் இரகசியம் தெரிந்திருக்கிறது. கிடைத்த பொருளைவிட, கூடிச் செய்யும் துணிச்சலே அவற்றில் இனிக்கிறது. பார்க்கும் நம்மையும் அந்தக் கூட்டத்தில் ஒருவராக்கிக்கொள்வதுதான் படத்தின் கெட்டிக்காரத்தனம்.

நாட்டுக்காகச் செய்த கொள்ளையில்கூட இந்த மறதி உண்டு. 1925 ஆகஸ்ட் 9 அன்று இலக்னௌ அருகே காகோரியில் புரட்சியாளர்கள் இரயிலை நிறுத்தி அரசுப் பணத்தை எடுத்தார்கள். இராம் பிரசாத் பிஸ்மில், அஷ்பகுல்லா கான், ரோஷன் சிங், இராஜேந்திர லாகிரி ஆகிய நால்வரும் 1927 டிசம்பரில் தூக்குமேடை ஏறினார்கள். அவர்களை வணங்குகிறோம். அன்றைய குழப்பத்தில் தவறுதலாகப் பாய்ந்த குண்டுக்கு அகமது அலி என்ற பயணி ஒருவர் பலியானார். நால்வரைப் போற்றும் நாளில் அவர் பெயரையும் யாரேனும் ஒருமுறை சொன்னால் நால்வரின் பெருமை குறைந்துவிடாது.

இப்படி எண்ணிக்கொண்டிருந்தபோதுதான் லூக்கா நற்செய்தியின் பத்தாம் அதிகாரத்தை வேறு கண்ணோடு படிக்க நேர்ந்தது. நல்ல சமாரியர் உவமையை நாம் மறைக்கல்வி வகுப்பு முதல் கேட்டிருக்கிறோம். அது ஒரு வழிப்பறிக் கதை என்பதை ஏனோ நினைப்பதில்லை. எருசலேமிலிருந்து எரிகோவுக்கு இறங்கும் சுமார் 27 கிலோமீட்டர் மலைப்பாதை. பாறைகளும் வளைவுகளும் நிறைந்தது. ஒளிந்திருந்து பாய்வதற்கு ஏற்ற இடம். எந்தத் திரைக்கதையாசிரியரும் அங்கே அரை மணி நேரத்தை நிரப்பிவிடுவார். இயேசு பெருமான் கொள்ளையருக்கு ஒரே ஒரு வசனம் ஒதுக்குகிறார். பறித்தார்கள், அடித்தார்கள், போய்விட்டார்கள். அதன்பிறகு அவர்கள் கதையில் தலைகாட்டுவதே இல்லை. எத்தனை பேர், எங்கே ஒளிந்தார்கள், பிடிபட்டார்களா என்பதற்கு விடை கிடையாது. அவர்களைத் துரத்திக்கொண்டு போகும் சமாரியர் ஒருவரும் வருவதில்லை.

அதைவிட முக்கியமான ஒன்று. பயணியிடமிருந்து எவ்வளவு பறிபோயிற்று என்பதும் கதையில் இல்லை. கதையில் தொகை எனக் குறிக்கப்படுவது ஒன்றே: சாவடிப் பொறுப்பாளரிடம் சமாரியர் கொடுத்த இரண்டு தெனாரியம். ஒரு தெனாரியம் அக்காலத்தில் ஒரு கூலியாளின் ஒரு நாள் கூலி. ஆக, இரண்டு நாள் கூலி. மேற்கொண்டு செலவானால் திரும்பி வரும்போது தருவதாகவும் சொல்லிப் போகிறார். கொள்ளை போன தொகையைச் சொல்லாமல், காயத்துக்குச் செலவான தொகையை மட்டும் சொல்லும் கொள்ளைக் கதை வேறெங்கும் இருப்பதாக எங்களுக்குத் தெரியவில்லை.

விவிலிய அறிஞர்கள் சுட்டும் மற்றொரு செய்தியும் உண்டு. எரிகோ வழியில் பாய்ந்தவர்களுக்கு லூக்கா பயன்படுத்தும் கிரேக்கச் சொல்லும், இயேசுவோடு சிலுவையில் அறையப்பட்ட இருவருக்கு மத்தேயுவும் மாற்கும் பயன்படுத்தும் சொல்லும் ஒன்றே. அந்த இருவரும் அவரைப் பழித்தார்கள் என்கிறார்கள் அவ்விருவரும். அவர்களுள் ஒருவர் மனம் திரும்பியதை லூக்கா சொல்கிறார். நாம் 'நல்ல கள்வன்' என்று அழைக்கும் அவர் செய்தது என்ன? ஆணி அடித்த கைகளால் களவுப் பொருள் எதையும் திருப்பிக் கொடுக்க முடியாது. அவரால் இயன்றது தலையைத் திருப்புவது மட்டுமே. திருப்பிப் பார்த்து, பக்கத்தில் இருப்பவர் குற்றமற்றவர் என்று சொன்னார். கொள்ளைப் படங்கள் ஆயிரம் வந்திருக்கலாம்; அடிபட்டவரின் பக்கமாகத் தலையைத் திருப்பும் கொள்ளையனை அவற்றில் காண்பது அரிது. ஆகவேதான் போலும், அந்தப் பாத்திரத்துக்கு வேண்டிய நேரம் திரையில் ஒரு நிமிடம்கூட ஆகாது என்றாலும், இரண்டாயிரம் ஆண்டாக அவர் நம் புனித வெள்ளியில் நிலைத்துவிட்டார்.

இனி நம் ஊர்ச் செய்தி ஒன்று. எங்கள் அன்பியத்தைச் சேர்ந்த சகோதரி ஒருவர் அம்பத்தூர்த் தொழிற்பேட்டையில் ஆடை தைக்கும் வேலை பார்க்கிறார். ஒரு நாள் மாலை மின்சார இரயிலில் மகளிர் பெட்டியின் கதவோரம் நின்றுகொண்டிருந்தார். வண்டி நிலையத்தை விட்டு நகரத் தொடங்கிய நேரத்தில் ஒருவன் அவர் கழுத்துச் சங்கிலியை அறுத்துக்கொண்டு நடைமேடையில் குதித்து ஓடிவிட்டான். சங்கிலி எளிதில் அறவில்லை. கழுத்தைச் சுற்றிக் கீறல். நிலைதடுமாறி விழப்போனவரை உள்ளிருந்த பூக்காரப் பெண் இடுப்பைப் பிடித்து இழுத்ததால் பிழைத்தார்.

அன்று இரவு முதல் வீட்டுக்கு ஆட்கள் வந்த வண்ணம் இருந்தார்கள். அன்பில்தான் வந்தார்கள்; சந்தேகமில்லை. வாசலில் செருப்பைக் கழற்றும்போதே அவர்கள் கேட்டது "எத்தனை சவரன்?" என்பதே. மூன்றரை என்று அவர் சொல்லிச் சொல்லி அலுத்துவிட்டார். அடுத்த கேள்வி, இன்றைய விலைக்கு அது எவ்வளவு என்பது. அதற்கு வந்தவர்களே விடையும் கணக்கிட்டுக் கொண்டார்கள். ஏன் கதவோரம் நின்றாய், ஏன் முந்தானையை இழுத்து மூடவில்லை, ஏன் கவரிங் போட்டுக்கொள்ளவில்லை என்று விசாரணை வளர்ந்தது. காவல் நிலையத்தில் கேட்டதற்கும் வீட்டில் கேட்டதற்கும் பெரிய வேறுபாடு இல்லை. பத்து நாளில் ஊர் அதை மறந்தது. அவர் மட்டும் இரயில் ஏறுவதை நிறுத்திவிட்டார். ஷேர் ஆட்டோவில் இரண்டு இடம் மாறிப் போய்வந்தார். காலையில் தாமதம், சம்பளத்தில் பிடித்தம், இரவில் ஏழு மணிக்குமேல் வீடு. வெள்ளிக்கிழமை மாலைத் திருப்பலியில் அவரைக் காணவில்லை என்பதை மெதுவாகத்தான் எல்லாரும் கவனித்தார்கள்.

அதே தெருவில் பாட்டி ஒருவர் இருக்கிறார். பெரம்பூர்ப் பணிமனையில் வேலைசெய்து மறைந்தவரின் மனைவி. குடும்ப ஓய்வூதியத்தில் வாழ்பவர். எழுபது வயதைத் தாண்டியவர். கூட்டம் எல்லாம் ஓய்ந்த பிறகு ஒரு தூக்கில் சுக்குக் காப்பியோடு போனார். சங்கிலியைப் பற்றி அவர் பேச்சே எடுக்கவில்லை என்று அந்தச் சகோதரி பிற்பாடு சொன்னார்.

"ராத்திரி தூக்கம் வருதாம்மா?" என்று கேட்டாராம்.

அதுவரை அழாதவர் அப்போதுதான் அழுதிருக்கிறார். கதவுப் பக்கம் யாராவது நகர்ந்தாலே உடம்பு உதறுகிறது என்றும், வேலையை விட்டுவிடலாமா என்று யோசிப்பதாகவும் சொல்லியிருக்கிறார். பாட்டி அதற்குப் பதில் சொல்லவில்லை; விட்டுவிடாதே என்று அறிவுரையும் சொல்லவில்லை. மறுநாள் காலையில் இரயில் நிலையச் சாளரத்தில் வரிசையில் நின்று தம் பெயரில் ஒரு மாதச் சீட்டு வாங்கினார். காலையில் அந்தச் சகோதரியோடு ஏறி, தொழிற்பேட்டைக்குப் போகும் நிலையம்வரை விட்டுவிட்டு அடுத்த வண்டியில் திரும்புவார். மாலையில் மறுபடியும் போய் அழைத்து வருவார். வண்டியில் உட்கார இடம் கிடைத்தாலும் உட்காரமாட்டார். கதவுக்கும் அந்தப் பெண்ணுக்கும் நடுவில் கம்பியைப் பிடித்தபடி நிற்பார். எங்கே போகிறீர்கள் பாட்டி என்று தெரிந்தவர்கள் கேட்டால், வேடிக்கை பார்க்கப் போகிறேன் என்பார்.

மாதம் முடிந்ததும் சீட்டைப் புதுப்பித்துக்கொண்டார்.